பெயர் புடாபெஸ்ட்... வாசித்த நால்வரும் ரஷ்யர்கள்! - அரை நூற்றாண்டு ஓடிய ஓர் இசைக்குழுவின் கதை

ஒரு பழைய ஜோக். ஒரே ஒரு ரஷ்யர் இருந்தால் அவர் அராஜகவாதி. இரண்டு பேர் இருந்தால் செஸ் ஆட்டம். மூன்று பேர் சேர்ந்தால் புரட்சி. நான்கு பேர் சேர்ந்தால்..? புடாபெஸ்ட் குவார்ட்டெட்!

வயலின் மேதை யாஷா ஹைஃபெட்ஸ் சொன்னதாக இதை இசை உலகில் இன்றைக்கும் சொல்லிச் சிரிக்கிறார்கள். புடாபெஸ்ட், ஹங்கேரியின் தலைநகரம். அந்த ஊர்ப் பெயரைத் தாங்கிய குழு அமெரிக்காவில் புகழின் உச்சியில் இருந்தபோது, அதில் மருந்துக்குக்கூட ஒரு ஹங்கேரியர் இல்லை. நால்வரும் அன்றைய ரஷ்யப் பேரரசில் பிறந்த யூதர்கள். இரண்டு பேர் ஒடெசாக்காரர்கள், இரண்டு பேர் வில்னாவைச் சேர்ந்த அண்ணன் தம்பி. ஒடெசா இப்போது உக்ரைனில் இருக்கிறது. வில்னா, வில்னியஸ் என்ற பெயரில் லிதுவேனியாவின் தலைநகராகிவிட்டது. ஆக, இன்றைய வரைபடத்தின்படி பார்த்தால் ரஷ்யர்கள் என்பதும் சரியில்லை!

1917 முதல் 1967 வரை ஐம்பது ஆண்டுகள். இருப்பது நான்கே நாற்காலிகள். அவற்றில் உட்கார்ந்து எழுந்தவர்கள் மொத்தம் 11 பேர். நம் ஊர் பாய்ஸ் கம்பெனி நாடகக் குழுக்களில் பையன்களுக்குக் குரல் உடைந்தால் வேறு பையன்கள் வருவார்கள், கம்பெனியின் பெயர் மட்டும் அப்படியே இருக்கும். கிட்டத்தட்ட அதே கதைதான். ஆனால், நாடகக் கம்பெனியில் ஐம்பது பேர் இருப்பார்கள், ஒருவர் போனால் சமாளித்துவிடலாம். நான்கு பேர் மட்டுமே உள்ள குழுவில் ஒருவர் போவது என்பது கால் பங்கு குழுவே போவது.

முதலில் ஸ்ட்ரிங் குவார்ட்டெட் என்றால் என்ன என்று பார்த்துவிடுவோம். இரண்டு வயலின், ஒரு வயோலா, ஒரு செல்லோ. வயோலா பார்க்க வயலின் போலவே இருக்கும், சற்றுப் பெரிது, குரல் கொஞ்சம் தாழ்வு. செல்லோ என்பது நாற்காலியில் உட்கார்ந்து, தரையில் ஊன்றி, முழங்கால்களுக்கு நடுவில் நிறுத்தி வாசிக்கும் பெரிய கருவி. நம் சினிமாப் பாடல்களில் சோகமான இடங்களில் அடிவயிற்றிலிருந்து ஒரு குரல் எழுமே, பெரும்பாலும் அது இதுதான்.

முன்னால் நின்று கோல் அசைக்கக் கண்டக்டர் கிடையாது. தாளத்துக்கு மிருதங்கம் போல ஒன்றும் கிடையாது. எப்போது தொடங்குவது, எங்கே நிறுத்துவது, எந்த இடத்தில் சத்தத்தைக் குறைப்பது எல்லாமே கண் ஜாடையிலும், வில்லின் அசைவிலும், மூச்சு இழுக்கும் விதத்திலும்தான். ஹைடன் 68, மோட்ஸார்ட் 23, பீத்தோவன் 16 என்று மேற்கத்திய மேதைகள் தங்கள் மிகச் சிறந்த படைப்புகளில் பலவற்றை இந்த நான்கு கருவிகளுக்காகத்தான் எழுதி வைத்திருக்கிறார்கள். இவற்றை வாசிக்கும் நான்கு பேரும் ஆண்டுக்கணக்கில் ஒரே ரயிலில் பயணம் செய்து, ஒரே ஹோட்டலில் தங்கி, தினமும் ஒரே அறையில் ஒத்திகை பார்க்க வேண்டும். கூட்டுக் குடும்பத்தைவிட நெருக்கமான வாழ்க்கை. விவாகரத்தும் அதற்கேற்றபடிதான் இருக்கும்.

சண்டை வந்தால் ஓட்டு

முதல் உலகப் போர் நடந்துகொண்டிருந்த சமயம். ஹங்கேரியில் ஓபரா அரங்குகள் முடங்க, அவற்றின் இசைக்குழுக்களில் இருந்த நான்கு நண்பர்கள் சேர்ந்து 1917-ல் இந்தக் குழுவைத் தொடங்கினார்கள். முதல் வயலின் எமில் ஹவுசர். இரண்டாவது வயலின் ஆல்ஃபிரட் இண்டிக். வயோலா இஷ்ட்வான் இப்போயி. செல்லோ ஹாரி சன். இதில் ஹாரி சன் ஹாலந்துக்காரர். அதாவது, தொடங்கிய நாளிலேயே புடாபெஸ்ட் குவார்ட்டெட் முழு ஹங்கேரியக் குழு இல்லை!

அந்தக் காலத்தில் நால்வர் குழு என்றால் பெரும்பாலும் முதல் வயலின் வாசிப்பவர்தான் முதலாளி. குழுவுக்கு அவர் பெயர்தான் இருக்கும். மற்ற மூவரும் அவர் சொல்வதைக் கேட்டு வாசிக்க வேண்டியதுதான். இந்த நான்கு பேரும் தங்கள் பெயர் எதையும் வைக்காமல் ஊர்ப் பெயரை வைத்துக்கொண்டார்கள். கூடவே சில சட்டங்களும் போட்டுக்கொண்டார்கள்.

இசை பற்றியோ பணம் பற்றியோ எந்தத் தகராறு வந்தாலும் ஓட்டெடுப்பு. ஓட்டு இரண்டுக்கு இரண்டு என்று சமமாக வந்தால், பழையபடியே தொடர வேண்டும், மாற்றம் கிடையாது. வெளியே தனியாகக் கச்சேரி ஒப்புக்கொள்ளக் கூடாது. நால்வருக்கும் சமமான பணம், முதல் வயலினுக்கு ஒரு காசுகூட அதிகமில்லை. ஒத்திகை அறைக்குள் மனைவியோ காதலியோ வரக்கூடாது.

கடைசிச் சட்டத்தைப் படித்துவிட்டு வீட்டில் இருப்பவர்கள் முறைக்கலாம். ஆனால், குழு ஐம்பது ஆண்டு தாக்குப்பிடித்ததற்கு இந்தச் சட்டங்கள்தான் காரணம் என்பது என் கட்சி. குழு எந்தத் தனி மனிதரின் சொத்தாகவும் இல்லாததால்தான், யார் போனாலும் அது நின்றது. குழுவுக்கு ‘ஹவுசர் குவார்ட்டெட்’ என்று பெயர் வைத்திருந்தால், 1932-ல் ஹவுசர் விலகிய அன்றே கதை முடிந்திருக்கும்.

ஆனால், அதே சட்டங்கள்தான் நிறுவியவர்களையும் ஒவ்வொருவராக வெளியே அனுப்பி வைத்தன என்றும் சொல்லலாம். ஓட்டுரிமை நான்கு பேருக்கும் சமம் என்றால், நேற்று வந்தவருக்கும் அதே ஓட்டுதானே!

ஒவ்வொருவராக...

முதலில் போனவர் இரண்டாவது வயலின் இண்டிக். 1920-ல் அவர் இடத்துக்கு இம்ரே பொகானி வந்தார். இருபதுகளில் குழு பெர்லினைத் தளமாக வைத்துக்கொண்டு ஐரோப்பா முழுக்கச் சுற்றியது. 1927-ல் பொகானி விலக, ஒடெசாவில் பிறந்த ஜோசஃப் ராய்ஸ்மன் இரண்டாவது வயலினாக உள்ளே வந்தார். முதல் ரஷ்யர்.

1930-ல் செல்லோ வாசித்த ஹாரி சன் விலகினார். அந்த இடத்துக்கு வில்னாவைச் சேர்ந்த மிஷா ஷ்னைடர். இப்போது கணக்கைப் பாருங்கள். இந்தப் பக்கம் இரண்டு ஹங்கேரியர்கள், அந்தப் பக்கம் இரண்டு ரஷ்யர்கள். ஓட்டு சமமாக விழுந்தால் மாற்றமில்லை என்ற சட்டம் இருக்கும்போது, இப்படி ஒரு குழு எவ்வளவு நாள் ஓடும்? 1932-ல் முதல் வயலின் ஹவுசரே விலகிவிட்டார். பிறகு பாலஸ்தீனத்துக்குப் போய் ஜெருசலேமில் ஓர் இசைப்பள்ளியை நிறுவினார்.

பொதுவாக முதல் வயலின் போய்விட்டால் குழுவைக் கலைத்துவிடுவார்கள், அல்லது வெளியிலிருந்து ஒரு பெரிய ஆளைப் பிடித்து வருவார்கள். இவர்கள் இரண்டும் செய்யவில்லை. இரண்டாவது நாற்காலியில் இருந்த ராய்ஸ்மன் எழுந்து முதல் நாற்காலியில் உட்கார்ந்தார். காலியான இரண்டாவது நாற்காலிக்கு மிஷாவின் தம்பி அலெக்சாண்டர் ஷ்னைடர் வந்தார். எல்லோருக்கும் அவர் ‘சாஷா’. அப்போது அவருக்கு வயது 24.

வயோலா வாசித்த இப்போயி மட்டும் மிச்சம். மூன்று ரஷ்யர்களுக்கு நடுவே நான்கு ஆண்டுகள் இருந்தார். அதற்குள் ஜெர்மனியில் ஹிட்லர் ஆட்சிக்கு வந்துவிட, 1934-ல் குழு ஜெர்மனியைவிட்டு பாரிஸுக்குக் கிளம்பியது. 1936-ல் இப்போயியும் விலகி, நார்வேயில் குடியேறினார். அவர் இடத்துக்கு வந்த போரிஸ் க்ராய்ட், ராய்ஸ்மனைப் போலவே ஒடெசாக்காரர். இருவருக்கும் ஆசிரியரும் ஒருவரே, அலெக்சாண்டர் ஃபீடெமன். சிறு வயதில் வயலின் மேதையாக மேடையேறியவர் க்ராய்ட். வளர்ந்த பிறகு வயோலாவிலும் அதே அளவுக்குக் கை.

இப்படித்தான் பெயரில் மட்டும் புடாபெஸ்ட் ஒட்டிக்கொண்டது. பெயரை ஏன் மாற்றவில்லை? பதில் எளிது. இசைத்தட்டு வாங்குபவர்களுக்கும் கச்சேரி ஏற்பாடு செய்பவர்களுக்கும் அந்தப் பெயர்தான் தெரியும். பெயர்ப்பலகையை இறக்கினால் வியாபாரம் போய்விடும் என்பது எந்த மிட்டாய்க் கடைக்காரருக்கும் தெரிந்த விஷயம்!

சரி, பெயர் அதே என்றால் வாசிப்பும் அதேதானா? இல்லை. இருபதுகளில் ஹங்கேரியர்கள் வாசித்த இசைத்தட்டுகளைக் கேட்டால், ஒரு சுரத்திலிருந்து அடுத்ததுக்கு விரல் வழுக்கிப் போகும் அந்தக் காலத்துப் பாணி தெரியும். ரஷ்யர்கள் வாசித்ததில் அந்த வழுக்கல் வெகுவாகக் குறைந்து, கோடுகள் துல்லியமாகிவிட்டன. பழைய வாடிக்கையாளர்களிடம் கேட்டிருந்தால், இது வேறு குழு என்றே சொல்லியிருப்பார்கள்.

பெட்டிக்குள் பூட்டக் கூடாத வயலின்கள்

முப்பதுகளில் ஆஸ்திரேலியா வரை போய் வாசித்தவர்கள், ஐரோப்பாவில் போர் மேகம் சூழ்ந்தபோது அமெரிக்காவில் நிலைகொண்டார்கள். அங்கேதான் அதிர்ஷ்டம் காத்திருந்தது.

வாஷிங்டனில் உள்ள லைப்ரரி ஆஃப் காங்கிரஸ், அமெரிக்காவின் தேசிய நூலகம் போன்றது. கெர்ட்ரூட் விட்டால் என்ற செல்வந்தப் பெண்மணி, முப்பதுகளின் நடுவில் இந்த நூலகத்துக்கு ஐந்து ஸ்ட்ராடிவேரியஸ் கருவிகளை நன்கொடையாகக் கொடுத்தார். மூன்று வயலின், ஒரு வயோலா, ஒரு செல்லோ. எல்லாம் 1697-லிருந்து 1727 வரை இத்தாலியின் கிரெமோனாவில் அந்தோனியோ ஸ்ட்ராடிவேரி கையால் செய்தவை. இன்றைய விலை போட்டால் மயக்கம் வரும்.

மர வாத்தியங்களை வாசிக்காமல் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்தால் குரல் மங்கிப்போகும் என்பது வாத்தியக்காரர்களின் நம்பிக்கை. அதனால், இவற்றை வாசிக்க வேண்டும். ஆனால், நூலகத்தைவிட்டு வெளியே கொண்டுபோகக் கூடாது. அப்படியென்றால் வாசிப்பவர்கள்தான் நூலகத்துக்கு வர வேண்டும்! 1940-ல் அந்த வேலை புடாபெஸ்ட் குழுவுக்குக் கிடைத்தது. ஆண்டுதோறும் குறிப்பிட்ட பருவங்களில் நூலகத்தின் கூலிட்ஜ் அரங்கில் கச்சேரி. சுமார் 500 பேர் உட்காரக்கூடிய சின்ன அரங்கம். வானொலியில் ஒலிபரப்பும் உண்டு. 1962 வரை, 22 ஆண்டுகள் இது தொடர்ந்தது.

இதில் ஒரு சின்ன சிரமத்தை யாரும் யோசிப்பதில்லை. வாஷிங்டனில் இருக்கும்போது ஸ்ட்ராடிவேரியஸ், வெளியூர் போனால் அவரவர் சொந்தக் கருவி. ஒவ்வொரு வயலினுக்கும் விரல் வைக்கும் இடம் மயிரிழை மாறும், வில்லின் அழுத்தம் மாறும். பருவத்துக்குப் பருவம் நால்வரும் கருவி மாற்றி மாற்றி வாசித்தும் சுருதி சேர்ந்தே இருந்ததே, அது எனக்கு அந்த வயலின்களின் விலையைவிடப் பெரிய ஆச்சரியம்.

கொலம்பியா நிறுவனம் இவர்களின் வாசிப்பை இசைத்தட்டுகளாக வெளியிட்டது. 1948-ல் அதே கொலம்பியா எல்.பி. இசைத்தட்டை அறிமுகப்படுத்தியது. அதுவரை ஒரு பக்கம் நாலைந்து நிமிடத்துக்குள் முடிந்துவிடும். தட்டைத் திருப்பித் திருப்பிப் போட வேண்டும். இப்போது ஒரு பக்கத்திலேயே இருபது நிமிடத்துக்கு மேல் கேட்கலாம். அரைமணி, முக்கால் மணி ஓடும் குவார்ட்டெட்டுகளுக்கு இதைவிட நல்ல செய்தி ஏது? அமெரிக்கக் குடும்பங்கள் பலவற்றுக்கு பீத்தோவனின் குவார்ட்டெட்டுகள் அறிமுகமானதே இந்த நால்வர் வழியாகத்தான்.

ஆடிக்கொண்டே இருந்த நாற்காலி

இனிமேல்தான் கதையின் முக்கியமான இடம்.

இந்த ஐம்பது ஆண்டுகளை நாற்காலி வாரியாகப் பிரித்துப் பாருங்கள். முதல் வயலின் நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் இரண்டே பேர்: ஹவுசர், ராய்ஸ்மன். வயோலாவிலும் இரண்டே பேர்: இப்போயி, க்ராய்ட். செல்லோவிலும் இரண்டே பேர்: ஹாரி சன், மிஷா. இரண்டாவது வயலின் நாற்காலியில் மட்டும்? ஆறு பேர்!

ஏன் அந்த நாற்காலி மட்டும் இப்படி ஆடியது? வயோலாவுக்கும் செல்லோவுக்கும் தனிக் குரல், தனி அடையாளம். முதல் வயலினுக்கு மெலடியும் கைத்தட்டலும். இரண்டாவது வயலினுக்கோ முதல் வயலினின் அதே கருவி, அதே படிப்பு, அதே திறமை. ஆனால், வேலை வேறு. முதல் வயலின் பாடும்போது கீழே பாய் விரித்துக் கொடுக்க வேண்டும். அது ஒரு வரியைப் பாடி நிறுத்தினால், அதே வரியை அதே நிறத்தில் வாங்கித் திருப்பிச் சொல்ல வேண்டும். நடுவிலுள்ள தாளம் பிசகினால் பழி இவர்மேல். பிசகாமல் இருந்தால் இவர் இருப்பதே யாருக்கும் தெரியாது. ஆங்கிலத்தில் இரண்டாவது வயலின் வாசிப்பது என்ற சொற்றொடருக்கே அடுத்தவருக்குக் கீழே இருப்பது என்றுதான் அர்த்தம்.

சாஷா ஷ்னைடர் அந்த நாற்காலியில் 12 ஆண்டுகள் இருந்தார். துறுதுறுவென்ற மனிதர். ஓரிடத்தில் இருப்பு கொள்ளாதவர். புகழும் பணமும் வந்த பிறகு, 1944-ல், எனக்கு வேறு இசை வேண்டும் என்று எழுந்து போய்விட்டார். அண்ணன் மிஷா செல்லோவுடன் அங்கேயே இருக்க, தம்பி வெளியே.

அடுத்து வந்தவர் எட்கர் ஆர்டன்பெர்க். இவரும் ஒடெசா. மற்ற மூவரும் எட்டு ஆண்டுகளாக, தூக்கத்தில் எழுப்பினாலும் வாசிக்கும் அளவுக்கு ஊறிப்போன உருப்படிகளை, இவர் வந்த வேகத்தில் கற்றுக்கொண்டு மேடையேற வேண்டியிருந்தது. கூட்டுக் குடும்பத்துக்குப் புதிதாக வந்த மருமகளின் நிலைமை. எல்லோருக்கும் எல்லாம் தெரியும், யாரும் எதையும் சொல்ல மாட்டார்கள். ஐந்து ஆண்டுகள் தாக்குப்பிடித்து, 1949-ல் விலகினார்.

பிறகு ஜாக் கொரடெட்ஸ்கி. மற்றவர்களைவிட வயதில் இளையவர், அருமையான வாசிப்பு. 1951, 52-ல் இந்தக் குழு பீத்தோவனின் குவார்ட்டெட்டுகள் அனைத்தையும் எல்.பி. இசைத்தட்டுகளில் பதிவுசெய்தது. இன்றுவரை பேசப்படும் அந்தத் தொகுப்பில் இரண்டாவது வயலின் வாசித்திருப்பவர் இவர்தான்.

ஆனால், மனிதருக்கு மேடை பயம். ஏதோ ஒருநாள் வந்து போகும் படபடப்பு இல்லை இது. எவ்வளவு நன்றாக வாசித்தாலும் தீராத பயம். வயலின்காரருக்கு இது இரட்டைத் தண்டனை. பேச்சாளருக்குக் கை நடுங்கினால் பாக்கெட்டில் விட்டு மறைத்துக்கொள்ளலாம். வில் பிடித்த கை நடுங்கினால் அது அப்படியே ஒலியாக வெளியே வந்துவிடும். அதுவும் மெதுவாக, மிக மென்மையாக வாசிக்க வேண்டிய இடத்தில். குவார்ட்டெட்டில் ஒளிந்துகொள்ள இடமும் இல்லை, இருப்பது நான்கே பேர்.

1955-ன் இறுதியில் கொரடெட்ஸ்கி தன் உயிரை மாய்த்துக்கொண்டார்.

மேடை பயத்துக்கு இன்று மருத்துவரிடம் போகலாம், மனநல ஆலோசகரிடம் பேசலாம். இசைக் கல்லூரிகளில் அதற்கென்றே வகுப்புகள் நடக்கின்றன. அந்தத் தலைமுறையில் அதை வெளியே சொல்வதே அவமானம். பீத்தோவன் தொகுப்பைப் புகழ்ந்து பேசுகிறவர்கள் ராய்ஸ்மனைச் சொல்வார்கள், மிஷாவைச் சொல்வார்கள். கொரடெட்ஸ்கியின் பெயரை அபூர்வமாகத்தான் சொல்வார்கள். அந்தத் தட்டுகளைக் கேட்கும்போது ஒரு தடவையாவது மெலடியை விட்டுவிட்டு, அதற்கு அடியில் ஓடும் வயலினை மட்டும் பின்தொடர்ந்து பாருங்கள். எந்த நடுக்கமும் கேட்காது.

தம்பி திரும்பி வந்தான்

நாற்காலி மறுபடி காலி. மூன்று பேருக்கும் வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. புதிதாக ஓர் ஆளைத் தேடி, முதலிலிருந்து பழக்கி... அந்தத் தெம்பு இல்லை. அண்ணன் தம்பியைக் கூப்பிட்டார். சாஷா வந்தார்.

இது அவ்வளவு சாதாரணமான விஷயம் இல்லை. இடைப்பட்ட 11 ஆண்டுகளில் சாஷா எங்கேயோ போய்விட்டிருந்தார். ஸ்பெயினில் ஃபிராங்கோவின் சர்வாதிகாரத்தை உலக நாடுகள் பொறுத்துப்போவதைக் கண்டித்து, செல்லோ மாமேதை பாப்லோ கஸல்ஸ் மேடையேறுவதையே நிறுத்திவிட்டு, பிரான்ஸின் தென்கோடியில் ப்ராத் என்ற சிற்றூரில் ஒதுங்கி வாழ்ந்தார். அவரைப் போய்ப் பார்த்து, ‘நீங்கள் வெளியே வர வேண்டாம், நாங்கள் எல்லோரும் இங்கே வருகிறோம்’ என்ற ரீதியில் பேசிச் சம்மதிக்க வைத்தவர் சாஷாதான். பாக் மறைந்து 200 ஆண்டு நிறைவதை ஒட்டி 1950-ல் ப்ராத்தில் நடந்த இசைவிழாவில் கஸல்ஸ் மறுபடி வாசித்தார். உலகமே திரும்பிப் பார்த்தது.

அது மட்டுமல்ல. சாஷா சொந்தமாக ‘ஷ்னைடர் குவார்ட்டெட்’ என்று ஒன்றைத் தொடங்கி, ஹைடனின் குவார்ட்டெட்டுகளைப் பதிவுசெய்ய ஆரம்பித்திருந்தார். பணம் போதாமல் அந்த வேலை பாதியில் நின்றாலும், அதில் அவர் வாசித்தது முதல் வயலின். குழுவே அவர் பெயரில். இவ்வளவுக்குப் பிறகு அந்த மனிதர் பழைய குழுவுக்கு வந்து, எழுந்துபோன அதே இரண்டாவது நாற்காலியில் மறுபடி உட்கார்ந்தார். அதுவும் 12 ஆண்டுகளுக்கு.

1944-ல் அவர் எழுந்து போனது திறமைசாலி எவரும் செய்யக்கூடியது. திரும்பி வந்து உட்கார்ந்தது அப்படியில்லை. வெளியே எல்லாம் செய்து பார்த்துவிட்ட ஒருவரால்தான் அந்த நாற்காலியில் நிம்மதியாக இருக்க முடியும் என்று தோன்றுகிறது. அதோடு இந்த முறை வெளியேயும் தன் இசைவிழாக்களையும் கச்சேரிகளையும் அவர் விட்டுவிடவில்லை. 1917-ல் போட்ட சட்டங்களில் ஒன்று இப்படிக் கொஞ்சம் வளைந்து கொடுத்தது.

சாஷாவோடு சேர்ந்து 1958 முதல் 61 வரை பீத்தோவனை மறுபடி பதிவுசெய்தார்கள், இந்த முறை ஸ்டீரியோவில். ஒலிப்பதிவு இதில்தான் சிறப்பு. ஆனால், வயது தெரிகிறது. ராய்ஸ்மனின் உச்சஸ்தாயி சில இடங்களில் சுருதியிலிருந்து நழுவுகிறது. முந்தைய மோனோ பதிவுதான் உசத்தி என்பது பலருடைய கட்சி, எனக்கும் அப்படித்தான். ஆனால், மெதுவான பகுதிகளில் ஸ்டீரியோ தொகுப்புக்கு ஒரு நிதானம் இருக்கிறது. இரண்டுமே இணையத்தில் கேட்கக் கிடைக்கின்றன. புதிதாகக் கேட்பவர்கள் பீத்தோவனின் ஒபஸ் 59-ல் இருக்கும் மூன்றில் ஏதாவது ஒன்றிலிருந்து தொடங்கலாம். போன் ஸ்பீக்கரில் வேண்டாம். செல்லோவின் குரல் காணாமல் போய்விடும், ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள்.

யாரும் வேண்டாம் என்று முடிவெடுத்தபோது...

1962-ல் லைப்ரரி ஆஃப் காங்கிரஸ் பொறுப்பு ஜூலியார்ட் குவார்ட்டெட்டுக்குப் போனது. மிஷாவுக்கு முதுகுத்தண்டில் தொல்லை. க்ராய்ட்டுக்கு எழுபதை எட்டும் வயது. 1967-ல் குழு முடிவுக்கு வந்தது. ஐம்பது ஆண்டுகளாக ஆள் மாற்றி ஆள் மாற்றிப் பிழைத்த குழு, இந்த முறை யாரையும் தேடவில்லை.

இதில் ஒவ்வொரு குழுவுக்கும் ஒரு நியாயம் உண்டு. லண்டனின் அமடேயஸ் குவார்ட்டெட் நாற்பது ஆண்டுகள் அதே நால்வரோடு வாசித்தது. 1987-ல் வயோலா வாசித்த பீட்டர் ஷிட்லாஃப் இறந்ததும், மாற்று ஆளைத் தேடாமல் கலைத்துவிட்டார்கள். ஹங்கேரியில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்த டகாச் குவார்ட்டெட்டிலோ, பெயருக்குச் சொந்தக்காரரான கபோர் டகாச்-நாட்ஜ் 1993-லேயே விலகிவிட்டார். பெயர் அப்படியே இருக்கிறது. ஜூலியார்டில் நிறுவியவர்கள் ஒருவரும் இல்லை, குழு இன்னும் வாசிக்கிறது.

புடாபெஸ்ட் குழு தன் இடத்துக்கு ஆள் வைக்கவில்லையே தவிர, ஒரு வாரிசை உருவாக்கிவிட்டுத்தான் போனது. 1964-ல் அமெரிக்காவின் மார்ல்பரோ இசைவிழாவில் பழகிய நான்கு இளைஞர்கள் ஒரு குழு தொடங்கியபோது, க்ராய்ட் அவர்களுக்கு ஒரு பெயர் சொன்னார்: குவார்னெரி. ஜெர்மனியில் இளைஞராக இருந்தபோது அவர் வாசித்த ஒரு பழைய குழுவின் பெயர் அது. குவார்னெரி தொடங்கிய புதிதிலேயே க்ராய்ட்டும் மிஷாவும் அவர்களோடு உட்கார்ந்து, சைக்கோவ்ஸ்கியின் ஆறு கருவிகளுக்கான ‘சூவனீர் த ஃப்ளாரன்ஸ்’ படைப்பைப் பதிவுசெய்தார்கள். அந்த நான்கு இளைஞர்களும் 2001 வரை ஆள் மாறவே இல்லை. அதன் பிறகும் மாறியது ஒரே ஒருவர்தான். செல்லோ வாசித்த டேவிட் சாயர் ஓய்வுபெற, அவர் இடத்துக்கு வந்த பீட்டர் வைலி அவருடைய மாணவர். 2009-ல் அவர்களும் நிறுத்திக்கொண்டார்கள்.

க்ராய்ட் 1969-ல் இறந்தார். ராய்ஸ்மன் 1974-ல். மிஷா 1985-ல். சாஷா தன் கடைசிக் காலம்வரை ஆண்டுதோறும் கிறிஸ்துமஸ் சமயத்தில் அமெரிக்கா முழுவதிலுமிருந்து இளம் வாத்தியக்காரர்களை நியூயார்க்குக்கு வரவழைத்து, பயிற்சி கொடுத்து, கார்னகி ஹாலில் மேடையேற்றினார். 1993-ல் மறைந்தார்.

அவருக்குப் பிறகும் ஒருவர் இருந்தார். 1944-ல் அவசர அவசரமாக எல்லாவற்றையும் கற்றுக்கொண்டு மேடையேறி, ஐந்தே ஆண்டுகளில் விலகிய ஆர்டன்பெர்க். பிலடெல்பியாவில் மாணவர்களுக்கு வயலின் சொல்லிக்கொடுத்துக்கொண்டு வாழ்ந்த அவர் 1996-ல்தான் இறந்தார், தொண்ணூறுகளின் நடுவயதில்.